ஃபிட்ஸைக் கேட்காதீர்கள்: சூயஸ் நெருக்கடியில் ஓர் அரசு வழக்கறிஞர்

இந்தப் பகுதியில் ஒரு வக்கீலைப் பற்றிப் பேசப் போகிறேன். கறுப்பு கவுன் போட்டுக்கொண்டு கோர்ட்டில் வாதாடிப் பேர் வாங்கினவர் என்று நினைத்துவிடாதீர்கள். இவர் அரசாங்கத்துக்கு உள்ளேயே உட்கார்ந்திருந்தவர். அமைச்சர்கள் கேட்கும்போது “இது சட்டப்படி செல்லும், இது செல்லாது” என்று குறிப்பு எழுதிக் கொடுப்பதுதான் வேலை. பெயர் சர் ஜெரால்ட் ஃபிட்ஸ்மாரிஸ். 1953 முதல் 1960 வரை பிரிட்டிஷ் வெளியுறவு அலுவலகத்தின் தலைமைச் சட்ட ஆலோசகர்.

1956 சூயஸ் சண்டை என்றால் நமக்கு நாசர் ஞாபகம் வருவார், ஈடன் வருவார், பென் குரியன் வருவார். நம்ம ஊர்க்காரர்களுக்கு கிருஷ்ண மேனனும் ஞாபகம் வரலாம். லண்டன் மாநாட்டில் இந்தியாவுக்காகப் பேசியவர் அவர்தானே. இந்தப் பட்டியலில் ஃபிட்ஸ்மாரிஸ் வருவதே இல்லை. ஆனால் சூயஸ் பற்றி வாசிக்கிறபோதெல்லாம் என்னை விடாமல் பிடித்துக்கொள்வது இந்த மனிதரின் நிலைமைதான். அரசாங்கம் ஒரு தப்பு செய்யப் போகிறது. அது தப்பு என்று உள்ளே இருக்கிற ஒருவருக்கு, தொழில்முறையாக, ஐயமறத் தெரிகிறது. அவர் சொல்லியும் விட்டார். கேட்கவில்லை. அப்புறம் என்ன செய்வது?

இதோடு இன்னொரு கேள்வியும் ஒட்டிக்கொண்டு வருகிறது. ஒரு முறை அவ்வளவு சரியாகச் சொன்னவர், எப்போதும் சரியாகவே சொல்வாரா? அதையும் கடைசி வரை போய்ப் பார்த்துவிடுவோம்.

முதலில் ஆளைப் பற்றி. 1901இல் பிறந்தவர். அப்பா கடற்படையில் வைஸ் அட்மிரல். மால்வர்ன் பள்ளி, கேம்பிரிட்ஜில் சட்டம், 1925இல் வழக்கறிஞர் பதிவு. 1929இல் வெளியுறவு அலுவலகத்தில் மூன்றாம் சட்ட ஆலோசகராகச் சேர்கிறார். அதற்குப் பிறகு 31 வருஷம் அதே கூரைதான். போர்க்காலத்தில் பொருளாதாரப் போர் அமைச்சகத்துக்குப் போய் வந்தார், அவ்வளவுதான்.

அவர் இருந்த அறைகளைப் பாருங்கள். 1945இல் சான் பிரான்சிஸ்கோவில் ஐ.நா. சாசனம் எழுதப்பட்டபோது பிரிட்டிஷ் குழுவின் சட்ட ஆலோசகர்களில் ஒருவர். 1946இல் பாரிஸ் சமாதான மாநாடு. 1951இல் ஜப்பான் சமாதான ஒப்பந்தம். 1955 முதல் ஐ.நா.வின் சர்வதேச சட்ட ஆணையத்தில் உறுப்பினர். நாடுகள் ஒப்பந்தம் போடுவது பற்றிய சட்டத்தைத் தொகுக்கிற வேலையை அந்த ஆணையம் இவரிடம்தான் ஒப்படைத்தது. 1956 தொடங்கி 1960 வரை ஐந்து அறிக்கைகள் கொடுத்தார். இன்றைக்கு உலகம் பயன்படுத்துகிற 1969 வியன்னா ஒப்பந்தத்துக்கு அடித்தளம் போட்டவர்களில் இவர் ஒருவர்.

ஆக, 1956இல் “ஐ.நா. சாசனம் என்ன சொல்கிறது?” என்று பிரிட்டிஷ் அரசுக்குச் சந்தேகம் வந்தால், கேட்பதற்கு இவரைவிடப் பொருத்தமான ஆள் அந்த நாட்டில் கிடைப்பது கஷ்டம். சாசனம் எழுதின இடத்திலேயே இருந்தவர். பூர்த்தியான தகுதி. அதுதான் பிரச்சினையாகவும் ஆயிற்று.

சரி, சூயஸுக்கு வருவோம்.

1956 ஜூன் மாதம் கடைசி பிரிட்டிஷ் படை கால்வாய்ப் பகுதியை விட்டு வெளியேறியது. ஜூலை 19இல் அஸ்வான் அணைக்குத் தருவதாகச் சொன்ன உதவியை அமெரிக்கா விலக்கிக்கொண்டது. ஜூலை 26ஆம் தேதி அலெக்சாண்ட்ரியா பொதுக்கூட்டத்தில் நாசர் சூயஸ் கால்வாய்க் கம்பெனியை நாட்டுடைமை ஆக்குவதாக அறிவித்தார். பங்குதாரர்களுக்குப் பாரிஸ் பங்குச் சந்தையின் கடைசி விலைப்படி ஈட்டுத்தொகை உண்டு என்றும் சொன்னார். அந்தக் கம்பெனியில் பெரிய பங்குதாரர் யார்? பிரிட்டிஷ் அரசாங்கம். 1875இல் எகிப்தின் கெதீவ் கடனில் மூழ்கிக் கிடந்தபோது அவரிடமிருந்து டிஸ்ரேலி வாங்கிப் போட்ட பங்கு.

மறுநாள், ஜூலை 27, பிரிட்டிஷ் அமைச்சரவை கூடுகிறது. அந்தக் கூட்டக் குறிப்பு இப்போது எல்லோரும் பார்க்கக் கிடைக்கிறது. அதில் ஒரு இடம் இருக்கிறது, படிக்கிறவர்கள் நின்றுவிடுவார்கள். கண்டிப்பான சட்டப் பார்வையில் பார்த்தால், நாசர் செய்தது பங்குதாரர்களிடம் விலை கொடுத்து வாங்கிக்கொள்வது என்பதற்கு மேல் ஒன்றுமில்லை என்று அமைச்சர்களே ஒத்துக்கொள்கிறார்கள். அதனால் சட்டத்தை நம்பி வழக்கை நடத்த வேண்டாம், உலக நன்மை என்கிற பெரிய தளத்தில் பேசுவோம் என்று முடிவு செய்கிறார்கள். அதாவது முதல் நாளே தெரியும்.

ஃபிட்ஸ்மாரிஸின் நிலை ஆரம்பத்திலிருந்தே தெளிவாக இருந்தது. நாசர் செய்தது சரியா தப்பா என்று எவ்வளவு வேண்டுமானாலும் வாதாடலாம். ஆனால் அதற்குப் பதிலாகப் படை அனுப்பலாமா என்பது வேறு கேள்வி. ஐ.நா. சாசனப்படி ஒரு நாடு படைபலத்தைப் பயன்படுத்த இரண்டு வழிகள்தான். ஒன்று, பாதுகாப்பு சபை அனுமதிக்க வேண்டும். இல்லையென்றால், தன்மேல் ஆயுதத் தாக்குதல் நடந்து தற்காப்பில் இறங்க வேண்டும். கம்பெனியை எடுத்துக்கொள்வது ஆயுதத் தாக்குதல் ஆகாது. கப்பல்கள் போய்க்கொண்டிருக்கிற வரைக்கும் 1888 கான்ஸ்டான்டினோபிள் ஒப்பந்தம் தந்த போக்குவரத்து உரிமை பறிபோய்விட்டது என்றும் சொல்ல முடியாது.

கப்பல்களோ போய்க்கொண்டேதான் இருந்தன. செப்டம்பர் நடுவில் வெளிநாட்டு வழிகாட்டி மாலுமிகள் கூட்டமாக வேலையை விட்டுப் போனார்கள். எகிப்தியரால் நடத்த முடியாது, கால்வாய் ஸ்தம்பித்துவிடும் என்று எதிர்பார்த்தவர்கள் உண்டு. ஸ்தம்பிக்கவில்லை. எகிப்திய மாலுமிகளும் புதிதாக வந்தவர்களும் சேர்ந்து ஓட்டிக் காட்டிவிட்டார்கள்.

இந்த இடத்தில் ஒன்று சொல்லணும். ஃபிட்ஸ்மாரிஸ் நாசரின் ரசிகர் என்றோ, காலனிய எதிர்ப்பாளர் என்றோ யாரும் கற்பனை செய்துகொள்ள வேண்டாம். அவர் பிரிட்டிஷ் ஆட்சியின் மனிதர். கடற்படைக் குடும்பம். அவர் “வேண்டாம்” என்று சொன்னது எகிப்துமேல் இருந்த பரிவினால் அல்ல. சட்டத்தில் அப்படி எழுதியிருக்கிறது, அவ்வளவுதான். இதை மனசில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் தேவைப்படும்.

அக்டோபர் 14. பிரதமரின் செக்கர்ஸ் மாளிகைக்கு பிரான்சிலிருந்து இரண்டு பேர் ரகசியமாக வருகிறார்கள். திட்டம் இது: இஸ்ரேல் எகிப்தைத் தாக்கட்டும். உடனே பிரிட்டனும் பிரான்சும் “சண்டையை நிறுத்துங்கள், இரண்டு பேரும் கால்வாயை விட்டு விலகுங்கள்” என்று நடுவர் மாதிரி நுழையலாம். எகிப்து மறுக்கும். மறுத்தால் படையோடு இறங்கிவிடலாம்.

அப்போது வெளியுறவுத் துறையில் இணை அமைச்சர் நிலையில் இருந்தவர் ஆண்டனி நட்டிங். அந்தச் சந்திப்பில் இருந்தவர். பின்னாளில், 1967இல், ஒரு புத்தகம் எழுதினார். ஃபிட்ஸ்மாரிஸைக் கலந்துகொள்ளலாமே என்று தான் சொன்னதாகவும், ஈடன் அதை ஒரேயடியாக மறுத்துவிட்டதாகவும் அதில் சொல்கிறார். எல்லாரையும் விட்டு அந்த ஃபிட்ஸையா கேட்பது, வக்கீல்கள் எதைச் செய்யப் போனாலும் வேண்டாம் என்றுதான் சொல்வார்கள், இது அரசியல் விவகாரம், அவர்கள் பக்கத்திலேயே வரக் கூடாது என்கிற பாணியில் பிரதமர் பேசினாராம்.

பாருங்கள், அவர் என்ன சொல்வார் என்று தெரியாமல் கேட்காமல் விட்டதில்லை. தெரிந்ததனால்தான் கேட்கவில்லை.

அடுத்த வாரம் பாரிஸுக்கு வெளியே செவ்ர் என்ற இடத்தில் ஒரு வீட்டில் மூன்று நாள் பேச்சு. அக்டோபர் 24ஆம் தேதி கையெழுத்து. பிரிட்டன் சார்பில் பாட்ரிக் டீன் என்ற மூத்த அதிகாரி கையெழுத்திட்டார். எழுத்தில் ஒரு தாள் உருவாகிவிட்டது என்று கேள்விப்பட்டதும் ஈடன் பதறிப்போனார். பிரிட்டிஷ் பிரதி அழிக்கப்பட்டது. ஆனால் பென் குரியன் தன் பிரதியைப் பத்திரமாக எடுத்துக்கொண்டு போய்விட்டார். அதனால்தான் இன்றைக்கு நமக்கு இந்தக் கதை தெரிகிறது.

அக்டோபர் 29இல் இஸ்ரேல் சினாய்க்குள் நுழைந்தது. 30ஆம் தேதி பிரிட்டனும் பிரான்சும் இறுதி எச்சரிக்கை விட்டன. இரண்டு தரப்பும் கால்வாயிலிருந்து 10 மைல் விலக வேண்டும், 12 மணி நேரம் அவகாசம். இதில் வேடிக்கை என்னவென்றால், இஸ்ரேலின் பெரும்படை கால்வாயிலிருந்து இன்னும் வெகுதூரத்தில் இருந்தது. அதாவது தாக்கியவர்களுக்கு முன்னேற இன்னும் இடம் கொடுத்து, தாக்கப்பட்டவர்களைத் தங்கள் சொந்த மண்ணிலிருந்து விலகச் சொல்கிறார்கள். மாமியார் உடைத்தால் மண்குடம், மருமகள் உடைத்தால் பொன்குடம் என்பது இதுதான். அதே நாள் பாதுகாப்பு சபையில் அமெரிக்கா கொண்டுவந்த தீர்மானத்தை பிரிட்டன் தன் வீட்டோவால் தடுத்தது. பிரிட்டன் வீட்டோவைப் பயன்படுத்தியது அதுதான் முதல் தடவை. மறுநாள் எகிப்திய விமானத் தளங்கள்மேல் குண்டு விழ ஆரம்பித்தது.

அப்படியானால் சட்ட ஆலோசனை யாரிடம்தான் கேட்டார்கள்? நம் வீடுகளில் சில சமயம் நடக்கும். கல்யாணத் தேதியை மண்டபம் கிடைக்கிற நாளாகப் பார்த்து முடிவு செய்துவிட்டு, பிறகு அந்த நாளை நல்ல நாள் என்று சொல்லக்கூடிய ஜோசியரைத் தேடுவார்கள். ஈடன் செய்ததும் அதுதான்.

பிரிட்டிஷ் முறையில் அரசுக்குச் சட்டம் சொல்ல மூன்று வாசல்கள் உண்டு. வெளியுறவுச் சட்ட ஆலோசகர் ஒரு வாசல். அவர் நிரந்தர அரசு ஊழியர். அட்டர்னி ஜெனரலும் சொலிசிட்டர் ஜெனரலும் இன்னொரு வாசல். அவர்கள் நாடாளுமன்ற உறுப்பினர்கள், ஆளுங்கட்சிக்காரர்கள், இருந்தாலும் அரசின் அதிகாரபூர்வமான சட்ட அதிகாரிகள் அவர்கள்தான். மூன்றாவது லார்ட் சான்ஸலர். அவர் அமைச்சரவை உறுப்பினர். சர்வதேச சட்டத்தில் அரசுக்கு ஆலோசனை சொல்வது வழக்கமாக அவர் வேலை இல்லை.

ஈடன் மூன்றாவது வாசலுக்குப் போனார். அப்போது லார்ட் சான்ஸலர் கில்முயர் பிரபு. பழைய பெயர் டேவிட் மேக்ஸ்வெல் ஃபைஃப். நியூரம்பெர்க் விசாரணையில் கோரிங்கைக் குறுக்கு விசாரணை செய்து பேர் வாங்கியவர். ஆக்கிரமிப்புப் போர் நடத்துவது குற்றம் என்று ஜெர்மன் தலைவர்கள்மேல் குற்றஞ்சாட்டிய அணியில் முன்வரிசை ஆள். பத்து வருஷம் கழித்து, வெளிநாட்டில் இருக்கும் தன் குடிமக்களைக் காப்பாற்றுவதும் தற்காப்புதான் என்று சொல்லி சூயஸ் படையெடுப்புக்குச் சட்ட நியாயம் தந்தார். எகிப்தில் இருந்த பிரிட்டிஷ்காரர்களுக்குப் பெரிய ஆபத்து வந்தது எப்போது? குண்டு போட்ட பிறகுதான். அதற்கப்புறம்தான் எகிப்து அவர்களை வெளியேற்றியது.

இரண்டாவது வாசலையும் தட்டவில்லை. அட்டர்னி ஜெனரல் மானிங்ஹாம்-புல்லர், இறுதி எச்சரிக்கை விஷயத்தில் தன்னைக் கலந்துகொள்ளவே இல்லை என்று வெளியுறவு அமைச்சர் செல்வின் லாய்டுக்கு எழுதினார். சட்ட அதிகாரிகள் ஒப்புதல் தந்துவிட்டார்கள் என்கிற தோற்றம் வெளியே பரவுவது அவருக்குப் பிடிக்கவில்லை. ஆனால் அமைச்சர் என்ற முறையில் அரசை ஆதரித்தே நின்றார்.

வெளியேயும் எச்சரிக்கை இல்லாமல் இல்லை. சர்வதேச நீதிமன்றத்தின் முன்னாள் தலைவர் மெக்நேர் பிரபு, செப்டம்பரிலேயே பிரபுக்கள் சபையில் எழுந்து, படைபலத்துக்குச் சட்ட ஆதாரம் எதுவும் தனக்குத் தெரியவில்லை என்று பேசினார்.

இந்த நேரத்தில் ஃபிட்ஸ்மாரிஸ் என்ன செய்தார்? எழுதினார். செயலாளர் கிர்க்பாட்ரிக்குக்கு எழுதினார், சட்ட அதிகாரிகளோடு தொடர்பு கொண்டார். சாரம் இதுதான்: வெளியுறவு அலுவலகத்தின் சட்ட ஆலோசகர்கள் நாங்கள் தொடக்கம் முதல் படைபலத்தை எதிர்த்தே வந்திருக்கிறோம், இதுவரை ஏற்பட்ட எந்தச் சூழ்நிலையிலும் அதற்குச் சட்ட நியாயம் இல்லை என்றே சொல்லி வந்திருக்கிறோம். நாளைக்கு யாரும் “எங்கள் வக்கீல்கள் ஒத்துக்கொண்டார்கள்” என்று சொல்லிவிடக் கூடாது என்பதில் குறியாக இருந்தார்.

பிறகு? நவம்பர் 5இல் பாரசூட் படை இறங்கியது. 6ஆம் தேதி நள்ளிரவு போர்நிறுத்தம். பவுண்டு சரிந்தது, அமெரிக்கா கழுத்தைப் பிடித்தது, வேறு வழியில்லை. டிசம்பர் 20இல் ஈடன் நாடாளுமன்றத்தில் நின்று, இஸ்ரேல் தாக்கும் என்று முன்கூட்டியே தெரியாது என்றார். ஜனவரி 9இல் பதவி விலகினார். நட்டிங் ராஜினாமா செய்திருந்தார். கருவூலத் துறையில் இருந்த எட்வர்ட் பாயில் ராஜினாமா. பிரதமரின் பத்திரிகைச் செயலாளர் வில்லியம் கிளார்க் ராஜினாமா.

ஃபிட்ஸ்மாரிஸ் ராஜினாமா செய்யவில்லை. 1960 வரை அதே நாற்காலியில் இருந்தார்.

இதைக் கேட்டதும் சிலருக்குச் சப்பென்று ஆகிவிடும். இவ்வளவு பேசினவர், கடைசியில் வேலையை விடலையேன்னு தோணும். அவர் பக்கத்திலிருந்து கொஞ்சம் பார்ப்போம். அவருடைய வேலை சொல்வது. முடிவு செய்வது அமைச்சர். சொன்னதைக் கேட்காத ஒவ்வொரு முறையும் ஆலோசகர் வெளியேறினால் அந்த இடத்துக்கு “சரி ஐயா” என்று தலையாட்டுகிறவர் வந்து உட்காருவார். இது ஒரு வாதம். பலமான வாதம்தான்.

இன்னொரு பக்கம் இருக்கிறது. அவர் எழுதிய தாள் கோப்புக்குள் போனது. 30 வருஷம் கழித்துத்தான் அந்தக் கோப்பு திறந்தது. சூயஸ் கோப்புகள் 1987இன் தொடக்கத்தில்தான் வெளியே வந்தன. ஃபிட்ஸ்மாரிஸ் 1982இல் இறந்துவிட்டார். அவர் தன் அரசாங்கத்தை எதிர்த்து எழுதிய முழு விவரத்தை ஊர் உலகம் படித்தபோது அவர் உயிரோடு இல்லை. அந்தத் தாள் இல்லையென்றால், வக்கீல்களும் சேர்ந்து ஆடிய ஆட்டம் என்றே நாம் எழுதியிருப்போம். வரலாற்றுக்கு அது பெரிய உதவி. போர்ட் சயீத் தெருக்களில் செத்தவர்களுக்கு அது எந்த உதவியும் செய்யவில்லை. இரண்டையும் சேர்த்தே சொல்லணும்.

பலர் இந்தக் கதையை இங்கே முடித்துவிடுவார்கள். நேர்மையான வக்கீல், கேட்காத பிரதமர், சுபம். ஆனால் இந்த மனிதருக்கு இன்னும் 20 வருஷத் தொழில் வாழ்க்கை பாக்கி இருந்தது. 1960இல் ஹேக் நகரத்துச் சர்வதேச நீதிமன்றத்துக்கு நீதிபதியாகப் போனார். 1973 வரை அங்கே இருந்தார்.

அந்த 1960இலேயே எத்தியோப்பியாவும் லைபீரியாவும் ஒரு வழக்குப் போட்டன. தென்மேற்கு ஆப்பிரிக்கா, அதாவது இன்றைய நமீபியா பற்றிய வழக்கு. முதல் உலகப் போருக்குப் பின் ஜெர்மனியிடமிருந்து எடுக்கப்பட்ட அந்தப் பகுதியை, அங்கே வாழும் மக்களின் நன்மைக்காக நிர்வகிக்கும்படி நாடுகளின் சங்கம் தென்னாப்பிரிக்காவிடம் ஒப்படைத்திருந்தது. தென்னாப்பிரிக்காவோ அங்கேயும் நிறவெறிச் சட்டங்களைக் கொண்டுபோய் நட்டது. ஒப்படைத்த பொறுப்பை மீறிவிட்டார்கள் என்பதுதான் வழக்கு.

1962இல், இந்த வழக்கை விசாரிக்க அதிகாரம் உண்டா என்ற கேள்வியில் 8க்கு 7 என்று “உண்டு” என முடிவாயிற்று. ஆஸ்திரேலியாவின் பெர்சி ஸ்பெண்டரும் ஃபிட்ஸ்மாரிஸும் சேர்ந்து மாறுபட்ட கருத்து எழுதினார்கள். நாலு வருஷம் விசாரணை நடந்தது. இதற்கிடையில் ஒரு நீதிபதி இறந்தார், ஒருவர் நோயில் விழுந்தார், பாகிஸ்தானின் ஜஃப்ருல்லா கான் அந்த அமர்வில் உட்காரவில்லை. 1966 ஜூலை 18இல் தீர்ப்பு: 7க்கு 7. தலைவராக இருந்த ஸ்பெண்டர் தன் கூடுதல் வாக்கைப் போட்டார். எத்தியோப்பியாவுக்கும் லைபீரியாவுக்கும் இந்த வழக்கின் பொருளில் சட்ட உரிமையே இல்லை என்று வழக்கு தள்ளுபடி. ஃபிட்ஸ்மாரிஸ் அந்த ஏழு பேரில் ஒருவர்.

இது சட்டத்தின் மன்றம், அறநெறிகள் சட்ட வடிவத்தில் வந்தால் ஒழிய அவற்றைக் கணக்கில் எடுக்க முடியாது என்ற போக்கில் அந்தத் தீர்ப்பு பேசியது. நிறவெறி நல்லதா கெட்டதா என்ற கேள்விக்கே அது போகவில்லை. ஆப்பிரிக்கா கொதித்தது. ஆகஸ்ட் 26இல் ஸ்வாப்போ இயக்கத்துக்கும் தென்னாப்பிரிக்கப் படைகளுக்கும் முதல் ஆயுத மோதல் நடந்தது. அக்டோபரில் ஐ.நா. பொதுச்சபை தென்னாப்பிரிக்காவின் பொறுப்பையே ரத்து செய்தது. அந்த ரத்து செல்லுமா என்ற கேள்வி 1971இல் அதே நீதிமன்றத்துக்கு ஆலோசனைக் கருத்துக்காக வந்தது. 13 நீதிபதிகள் சொன்னார்கள்: தென்னாப்பிரிக்கா அங்கே இருப்பது சட்டவிரோதம், வெளியேற வேண்டும். மாறுபட்டவர்கள் இரண்டே பேர். ஒருவர் பிரான்சின் அந்த்ரே க்ரோ. இன்னொருவர் ஃபிட்ஸ்மாரிஸ். பொறுப்பை ரத்து செய்யும் அதிகாரம் ஐ.நா.வுக்கு யாரும் தரவில்லை என்பது அவர் வாதம்.

அங்கேயும் முடியவில்லை. 1974 முதல் 1980 வரை ஸ்ட்ராஸ்பர்கில் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றத்தில் நீதிபதி. 1978 ஜனவரியில் ஒரு பெரிய வழக்கு: வட அயர்லாந்தில் 1971இல் விசாரணையின்றிப் பிடித்து வைத்தவர்களைச் சுவரில் கை ஊன்றி மணிக்கணக்கில் நிற்க வைத்தது, தலையில் பை மாட்டியது, இரைச்சலுக்குள் வைத்தது, தூங்க விடாதது, சோறு தண்ணீரைக் குறைத்தது. இந்த ஐந்து முறைகளும் மனிதத்தன்மையற்ற, இழிவான நடத்துமுறை என்று 16 நீதிபதிகள் சொன்னார்கள். இல்லை என்றவர் ஒரே ஒருவர். அதே ஏப்ரலில், மான் தீவில் 15 வயதுப் பையனுக்கு நீதிமன்ற உத்தரவுப்படி பிரம்பால் மூன்று அடி கொடுத்தது இழிவான தண்டனை என்று 6 பேர் சொன்னார்கள். இல்லை என்றவர் ஒரே ஒருவர். அவர் யார் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. பள்ளிக்கூடத்தில் பிரம்படி சகஜமாக இருந்த காலத்தில் வளர்ந்தவன் நான், என் பார்வையில் அதன் நிறம் இருக்கலாம் என்று அந்தக் கருத்தில் அவரே எழுதினார். அந்த நேர்மையும் அவரிடம் இருந்தது.

இப்போது இந்த இரண்டு ஃபிட்ஸ்மாரிஸையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். பதவி வந்ததும் ஆள் மாறிவிட்டார் என்று சொல்வது சுலபம். நான் அப்படி நினைக்கவில்லை. ஆள் மாறவே இல்லை, அதுதான் விஷயம். நாடுகள் எதற்கு ஒத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டனவோ அதுதான் சட்டம். அதற்கு மேல் ஒரு சொல்லையும் நம் ஆசைக்காகச் சேர்க்கக் கூடாது. 1956இல் அவர் ஈடனிடம் சொன்னது இதுதான். 1971இல் ஐ.நா.விடம் சொன்னதும் இதுதான். 1978இல் சக நீதிபதிகளிடம் சொன்னதும் இதுதான்.

மாறியது அவர் உட்கார்ந்த நாற்காலி. ஆலோசகராக இருந்தபோது அவருக்கு எதிரில் இருந்தது, சட்டத்தை வளைத்துப் படை அனுப்பத் துடித்த அரசாங்கம். அங்கே அந்தப் பிடிவாதம் எகிப்தின் பக்கத்தில் போய் நின்றது, அவர் அதை நினைக்காமலேயே. நீதிபதியாக ஆனபோது எதிரில் வந்தவர்கள் நீதி கேட்டு வந்தவர்கள். அதே பிடிவாதம் அவர்கள் முகத்தில் கதவைச் சாத்தியது. அதிகாரத்தில் இருப்பவர் “செய்யலாமா?” என்று கேட்கும்போது சொல்லுக்குச் சொல் சட்டம் பார்க்கிற ஆள் தேவை. அதிகாரத்தால் நசுங்கினவர் “எனக்கு வழியில்லையா?” என்று கேட்கும்போது சொல்லை மட்டும் பார்த்தால் போதாது என்பது என் கருத்து. நமீபியா 1990இல் விடுதலை அடைந்தது. 1966 தீர்ப்புக்கும் அதற்கும் நடுவில் 24 வருஷம்.

கடைசியாக, அந்த முதல் கேள்வி. கேட்காவிட்டால் என்ன செய்வது? இதற்கு அதே அலுவலகத்திலிருந்து 47 வருஷம் கழித்து இன்னொரு பதில் வந்தது.

2003இல் இராக் போர். இந்தத் தடவை வெளியுறவுச் சட்ட ஆலோசகரை ஒதுக்கி வைக்கவில்லை. சர் மைக்கேல் உட் தெளிவாக எழுதிக் கொடுத்தார், பாதுகாப்பு சபையின் புதிய தீர்மானம் இல்லாமல் படை அனுப்புவது சட்டவிரோதம் என்று. வெளியுறவு அமைச்சர் ஜாக் ஸ்ட்ரா, பார்த்துக்கொண்டேன், ஆனால் ஏற்கவில்லை என்று பதில் போட்டார். அட்டர்னி ஜெனரல் கோல்ட்ஸ்மித் மார்ச் 7இல் தந்த நீண்ட ஆலோசனையில் தயக்கங்கள் இருந்தன. மார்ச் 17இல் நாடாளுமன்றத்துக்கு வந்த சுருக்கமான பதிலில் தயக்கம் எதுவும் இல்லை. மறுநாள், மார்ச் 18, துணைச் சட்ட ஆலோசகர் எலிசபெத் வில்ம்ஸ்ஹர்ஸ்ட் ராஜினாமாக் கடிதம் எழுதினார். 1974 முதல் அங்கே வேலை பார்த்தவர். சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றத்தை உருவாக்கிய 1998 ரோம் பேச்சுவார்த்தையில் பிரிட்டனுக்காகப் பேசியவர். இந்த அளவுக்குச் சட்டவிரோதமாகப் படைபலத்தைப் பயன்படுத்துவது ஆக்கிரமிப்புக் குற்றம் என்ற கருத்தையே கடிதத்தில் வைத்தார்.

அவர் போனதால் போர் நின்றதா? இல்லை. இரண்டு நாளில் குண்டு விழுந்தது. ஆனால் அவர் கடிதம் 30 வருஷம் கோப்புக்குள் தூங்கவில்லை. 2005இல், தகவல் உரிமைச் சட்டத்தின் வழியாக, ஒரு பத்தியை நீக்கிவிட்டு வெளியிட்டார்கள். நீக்கின பத்தியைத் தொலைக்காட்சி வெளியே கொண்டுவந்துவிட்டது. அட்டர்னி ஜெனரலின் கருத்து இடையில் மாறியது என்பதைச் சொல்கிற பத்தி அதுதான். 2010 ஜனவரியில் உட், வில்ம்ஸ்ஹர்ஸ்ட் இருவரும் சில்காட் விசாரணைக் குழு முன் உட்கார்ந்து எல்லோரும் பார்க்கச் சாட்சி சொன்னார்கள். போருக்குச் சட்ட அடிப்படை உண்டு என்று முடிவு செய்யப்பட்ட விதம் திருப்திகரமாகவே இல்லை என்று 2016இல் அந்தக் குழு எழுதியது.

உள்ளே இருந்து எழுதி வைத்தவர் ஃபிட்ஸ்மாரிஸ். எழுதி வைத்துவிட்டு வெளியே வந்தவர் வில்ம்ஸ்ஹர்ஸ்ட். இரண்டில் எது சரி என்று இங்கே உட்கார்ந்துகொண்டு தீர்ப்புச் சொல்வது சுலபம். நான் சொல்லப் போவதில்லை. எனக்குத் தெரிந்ததெல்லாம், இரண்டு பேரும் செய்த பொதுவான காரியம் ஒன்று உண்டு: வாய்வார்த்தையாக விடவில்லை, எழுதினார்கள். செவ்ரில் ஈடன் பயந்ததும் ஒரு தாளைப் பார்த்துத்தானே.

இந்தப் பகுதி இத்தோடு முடிகிறது. அந்த நாற்காலியில் நீங்கள் இருந்திருந்தால் என்ன செய்திருப்பீர்கள் என்று எழுதுங்கள், அடுத்த பகுதியில் சேர்த்துப் பேசலாம்.